முந்நூறு பிஸ்கட்டும் ஒரு போறணையும்

எங்கள் பக்கத்தில் போதும் என்பதற்குக் காணும் என்போம். சோறு காணுமோ, தண்ணி காணுமோ என்று நாளுக்கு நூறு தடவை வாயில் வருகிற சொல். அதில் கோபப்பட எதுவும் இல்லை. ஆனால் நான் சொல்லவந்த அக்காவுக்கு முன்னால் யாராவது "எங்களுக்கு இது காணும்" என்று இழுத்தால் முடிந்தது கதை. கையில் இருப்பதைக் கீழே வைத்துவிட்டு, "ஏன் காணும்?" என்று கேட்பார். பதில் சொல்லாமல் அந்த இடத்தைவிட்டு அசைய முடியாது.

நானோ எதற்கும் தலையாட்டிப் பழகியவன். அக்கராயனில் வயல்காரக் குடும்பம். குளத்தில் தண்ணீர் திறந்தால் விதைப்போம், திறக்காவிட்டால் வானத்தைப் பார்த்துக்கொண்டிருப்போம். கிடைத்ததைப் பெரிதென்று எடுத்துக்கொள்வது எங்கள் வீட்டுக் குணம். அதனாலோ என்னவோ, முதலில் எனக்கு அவரைப் பிடிக்கவில்லை. உண்மையைச் சொன்னால் கொஞ்சம் பயமும் இருந்தது.

அவருடைய ஊர் முல்லைத்தீவுக் கரையோரம், நாயாற்றுக்குப் போகிற வழியில். கத்தோலிக்க மீனவக் கிராமம். போர் முடிந்து சனம் திரும்பி வந்து சில வருடங்கள் ஆகியிருந்தன. நான் அப்போது ஒரு தொண்டு நிறுவனத்தில் கள உத்தியோகத்தர். ஒரு மோட்டார் சைக்கிள், ஒரு கட்டுப் படிவம், கழுத்தில் ஓர் அடையாள அட்டை. இவ்வளவும்தான் என் அதிகாரம். வாழ்வாதார உதவிக்கான அந்தப் படிவத்தில், நீங்கள் என்ன தொழில் செய்ய விரும்புகிறீர்கள் என்று ஒரு கேள்வி இருக்கும். கேள்வி சனத்துக்கு, பதில் எங்களிடம். கோழி, ஆடு, தையல் மெசின். இந்த மூன்றில் ஒன்றை எல்லோரும் நல்லபிள்ளையாக எழுதித் தந்தார்கள். அவர் மட்டும் எழுதியிருந்தார்: பட்டர் ஐசிங் அடிக்கிற பீட்டர் மெசின் ஒன்று.

அலுவலகத்தில் அன்று நல்ல சிரிப்பு. கூரைத் தகரத்துக்கே வழியில்லாத கடற்கரையில் ஐசிங்காம். எங்கள் முகாமையாளர் பழமொழிக்காரர். தானம் கொடுத்த மாட்டைப் பல்லைப் பிடித்துப் பார்க்கலாமா என்று கேட்டுவிட்டு, கோழி என்று திருத்தி எழுதி வாங்கிவரச் சொல்லி என்னை அனுப்பினார்.

போனேன். கோழி என்றால் அடுத்த மாதமே கிடைக்கும், பீட்டருக்கு யாரும் கையெழுத்து வைக்கமாட்டார்கள் என்று பக்குவமாகச் சொன்னேன். "நான் கோழியே கேட்டனான் தம்பி?" என்றார் அவர். படிவத்தின்படி நான் அவரைவிட இரண்டு வயது மூத்தவன். கழுத்தில் அட்டை தொங்குகிற எல்லோரும் அவருக்குத் தம்பியும் தங்கச்சியும்தான். முகாமையாளரின் பழமொழியையும் எடுத்துவிட்டுப் பார்த்தேன். "பல்லைப் பாக்காமல் வாங்கினால் பிறகு தீன் போடுறது ஆர், நீங்களோ?" என்று கேட்டார். கையெழுத்து வைக்கவில்லை. என்றாலும் பட்டியலில் கோழி என்றே ஏறியது. பத்துப் பேடும் ஒரு சேவலும் ஒரு கூட்டோடு அவர் முற்றத்தில் போய் இறங்கின.

மூன்று மாதம் கழித்துக் கண்காணிப்புக்குப் போனேன். கூட்டுக்குள் விறகு அடுக்கியிருந்தது. குசினிக்குள் கர்ரென்று ஒரு சத்தம். எட்டிப் பார்த்தால், ஒரு புத்தம் புதிய பீட்டரைப் பிடித்துக்கொண்டு சட்டியில் எதையோ அடித்துக்கொண்டிருக்கிறார். என்னைக் கண்டதும் நிறுத்தவில்லை. கோழிகள் எங்கே என்று கேட்டேன். பீட்டரைக் கொஞ்சம் தூக்கிக் காட்டினார், அவ்வளவுதான்.

படிவத்தில் உயிரோடு உள்ள கோழிகள் எத்தனை என்று ஒரு கட்டம். எனக்கு வியர்த்தது. அவருக்கும் நல்லது எனக்கும் நல்லது என்று, நோயினால் இறந்தன என்று எழுதினேன். இப்படி எழுதுவதில் எனக்கு நல்ல கைப்பழக்கம். எழுதியதை வாசித்துக் காட்டிக் கையெழுத்து வாங்குவது விதி. வாசித்தேன். அவர் பீட்டரை நிறுத்தினார்.

"என்ர கோழியள் வருத்தத்தில சாகேல்லைத் தம்பி. நான் பாத்த பார்வைக்கு அதுகளுக்கு ஒரு தும்மல்கூட வந்ததில்லை. வித்தனான். வித்தனான் எண்டு எழுதுங்கோ."

அப்படி எழுதினால் இனிமேல் உதவிப் பட்டியலில் பெயர் வராது என்று சொன்னேன். வராவிட்டால் போகட்டும் என்றார். வெட்டிவிட்டு, விற்கப்பட்டன என்று எழுதினேன். அந்த வெட்டுக்கும் நான் சிறு கையெழுத்து வைக்கவேண்டியிருந்தது. அலுவலகத்தில் யாரும் அந்தப் படிவத்தை வாசிக்கவில்லை என்பது வேறு கதை.

ஐசிங்கை அவர் யாரிடமும் போய்ப் படித்தவரல்லர். கடைசிப் போருக்குப் பிறகு வவுனியாவில் முகாமில் அடைபட்டிருந்தபோது, எதையோ சுற்றி வந்த ஒரு சஞ்சிகைத் தாளில் அதன் செய்முறை இருந்திருக்கிறது. அரை றாத்தல் பட்டர், ஒரு றாத்தல் ஐசிங் சீனி, இரண்டு கரண்டி பால், வனிலா, ஒரு சிட்டிகை உப்பு. பருப்புச் சோற்றுக்கு வரிசையில் நிற்கும்போது அவர் மனதுக்குள் பட்டர் அடிப்பாராம். வெள்ளையாக வரும்வரை அடித்து, சீனியை மூன்று தரம் அரித்து, கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டு, பால் விட்டு முடிக்கவும் தட்டில் சோறு விழவும் சரியாக இருக்குமாம். பட்டரையே கண்ணால் காணாமல் ஒரு வருடம் இப்படி அடித்திருக்கிறார். அங்கேயே தான் முடிவெடுத்துவிட்டதாகச் சொன்னார், வெளியே போனால் கோழி வளர்ப்பதில்லை என்று. எனக்குச் சிரிப்பு வந்தது. அவர் சிரிக்கவில்லை.

அவர் வேலை செய்வதைப் பார்க்க எனக்கு விருப்பம் வந்தது எப்போது என்று சொல்லத் தெரியவில்லை. அந்தப் பக்கம் போனால் எப்படியோ மோட்டார் சைக்கிள் அவர் வாசல் படலையில் போய் நின்றுவிடும். பட்டர் மென்மையாக இருக்கவேண்டும், உருகக் கூடாது. விரலால் அழுத்தினால் குழி விழவேண்டும், விரலில் எண்ணெய் மினுங்கக் கூடாது. அந்தக் கரையோர வெயிலில் இந்த இரண்டுக்கும் நடுவே கிடைப்பது கால் மணி நேரம். அந்தக் கால் மணி நேரத்தில் அவரோடு யாரும் கதைக்க முடியாது. ஒருமுறை கிராம சேவகர் வந்து வாசலில் நின்று கூப்பிட்டபோதும், பட்டர் இளகுது, இருங்கோ என்று உள்ளேயிருந்தே பதில் போனது. அடித்து முடித்துக் கரண்டியைத் தூக்கிப் பார்ப்பார். நுனி கூராக நிற்கவேண்டும். சாய்ந்தால் இன்னும் சீனி. பிறகு சட்டியை ஈரத் துணியால் மூடிவிட்டுத்தான் மனிதர்களைத் திரும்பிப் பார்ப்பார்.

எல்லோரும் மாஜரீனில் அடிக்கிறார்கள், வெயிலுக்கு நிற்கும், விலையும் குறைவு. முல்லைத்தீவில் அவர் சீனி வாங்குகிற கடையின் முஸ்லிம் முதலாளி நானாவும் அதைத்தான் சொல்வார். இடம்பெயர்ந்து திரும்பி வந்து மறுபடி கடை திறந்த மனிதர் அவர், நல்ல மனம். மாஜரீனைக் கொண்டுபோங்கள் தங்கச்சி, ஆருக்குத் தெரியப்போகிறது என்பார். எனக்குத் தெரியும் நானா என்று இவர் சொல்வார். கரண்ட் போய்ப் போய் வருவதால் கடைப் பெட்டியில் பட்டர் உருகி உறைந்து மணல் மாதிரி ஆகிவிடும். அதைத் தொட்டுப் பார்த்துவிட்டுத் திருப்பி வைப்பார். மாதத்துக்கு ஒருமுறை விடிய முதல் பஸ் ஏறி வவுனியாவுக்குப் போய், நல்ல பட்டராகப் பார்த்து வாங்கி, உமி நிரப்பிய பெட்டிக்குள் வைத்து மடியில் தூக்கிக்கொண்டு வருவார். பஸ்ஸில் சன்னல் பக்கம் இடம் கிடைத்தாலும் இருக்கமாட்டார், வெயில் படும் என்று.

பட்டர் ஐசிங்கை வைத்துக்கொண்டு அவர் செய்தது பிஸ்கட்டுக்குப் பூப்போடுவது. பால்மாப் பைக்கற்றைக் கழுவித் துடைத்துக் கூம்பாகச் சுற்றி, நுனியைக் கத்தரித்து, அதற்குள் ஐசிங்கை நிரப்பிப் பிழிவார். பூ, மீன், வள்ளம், சிலுவை. கோயிலில் முதன்முதலாக நற்கருணை வாங்கி முதல் நன்மை எடுக்கிற பிள்ளைகளுக்கு ஆளுக்கொரு பிஸ்கட்டில் பெயர் எழுதிக் கொடுப்பார். எங்கள் கத்தோலிக்கப் பிள்ளைகளின் பெயர் லேசில் முடியாது. சுருக்கிக் கூப்பிடுகிற பெயரை எழுதினால் காணும் அக்கா என்று ஒரு தாய் சொல்லிவிட்டார். ஏன் காணும் என்று கேட்டு, ஞானஸ்நானப் பெயரை முழுவதுமாக, விளிம்பு சுற்றி வளைத்து எழுதினார். கடைசி எழுத்து முதல் எழுத்தைப் போய் முட்டியது.

அவர் பிழையே விடாதவர் என்று நினைத்துவிடக் கூடாது. விட்டார். அதுவும் அந்தக் கரையில் உள்ளவர்கள் மட்டுமே விடக்கூடிய பிழை. குளிர்பெட்டி இல்லாத வீடு. ஐசிங் சட்டியைக் குளிரவைக்க, மீனுக்கு ஐஸ் கொண்டுவருகிற லொறியில் ஒரு துண்டு கேட்டு வாங்குவார். ஐஸ் மீனைத் தொட முன்னமே, லொறி வாசலுக்கு வந்தவுடன் வாங்கிவிட வேண்டும் என்பது அவர் போட்ட சட்டம். ஒரு முதல் நன்மைக்கு முதல் நாள் லொறி பிந்திவிட்டது. வள்ளம் வைத்திருக்கிற தெரிந்த சம்மாட்டி ஒருவர், அதனாலென்ன என்று தன் மீன் பெட்டியிலிருந்தே ஒரு கட்டியை உடைத்துக் கொடுத்தார். கட்டியை மூன்று தண்ணீரில் கழுவி, பெரிய சட்டியில் போட்டு, அதற்குள் சின்னச் சட்டியை வைத்து அடித்தார். பட்டர் ஒரு வாசத்தையும் விடாது, பக்கத்தில் இருப்பதையெல்லாம் இழுத்து வைத்துக்கொள்ளும். அந்த ஐசிங் நல்ல வெள்ளை, நல்ல கூர், நல்ல அறுக்குளா மீன் வெடுக்கு.

அவருக்குத் தெரியவில்லை. அந்த ஊரில் பிறந்த மூக்குக்கு மீன் மணம் காற்று மாதிரி. அறுபது பிஸ்கட்டுக்கும் பெயர் எழுதி முடித்த பிறகு நான் போய்ச் சேர்ந்தேன். வயல்காரன் மூக்கு. ஒன்றை எடுத்து வாய்க்குக் கிட்டக் கொண்டுபோனதும் என் முகம் கோணியதை அவர் பார்த்துவிட்டார். என்ன என்று கேட்டார். ஒன்றுமில்லை, நன்றாக இருக்கிறது என்று சொன்னேன். என் குணம் அது. அவர் விடவில்லை. உண்மையைப் பிடுங்கி எடுத்துவிட்டார்.

அங்கே நின்ற ஒரு பிள்ளையின் தாய், எங்கட பிள்ளைகளுக்கு வெடுக்குத் தெரியப்போவதில்லை, இது காணும், கொடுங்கள் என்றார். நானும் ஒத்து ஊதினேன். அவர் எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார்.

"தெரியாத பிள்ளையெண்டால் எதையும் குடுக்கலாமோ?"

ஒவ்வொன்றாக ஐசிங்கைச் சுரண்டி எடுத்தார். பெயர் எழுதிய பிஸ்கட்டைச் சுரண்டும்போது அந்தப் பிள்ளையின் பெயரை வாய்க்குள் சொல்லிக்கொண்டார், மறக்காமல் இருக்க. மிச்சமிருந்த பட்டர் பதினெட்டுக்குத்தான் காணும். அடுத்த நாள் பூசைக்கு முன் பதினெட்டுப் பிள்ளைகளுக்குப் பெயரும், மற்றவர்களுக்கு வெறும் பிஸ்கட்டும் கொண்டுபோய், கோயில் வாசலில் நின்று ஒவ்வொரு தாயிடமும் நடந்ததைச் சொன்னார். அடுத்த கிழமை நாற்பத்திரண்டு பிஸ்கட்டோடு வீடு வீடாகப் போனார். மீன் ஐசிங் என்று ஊர் கொஞ்ச நாள் பகிடி பண்ணியது. அந்தப் பகிடிக்கு அவரும் சேர்ந்து சிரித்தார்.

அவருக்கு ஒரே ஓர் ஆசை இருந்தது. ஒரு போறணை, கேக் சுடுகிற கதவு போட்ட அடுப்பு. பிஸ்கட்டை அவர் சுட்டது மண்சட்டியில். அடியில் கடல் மணல், அதன் மேல் தட்டு, மூடிக்கு மேலே சிரட்டைத் தணல். ஒரு தடவைக்குப் பன்னிரண்டு வேகும். வெயில் காலத்தில் சமாளிக்கலாம். ஆனால் கரையோரத்தில் பெரிய ஓடர் எல்லாம் யேசு பிறப்பு நத்தாருக்குத்தான் வரும், நத்தார் மாரி மழையில்தான் வரும். தகரக் கொட்டில் குசினியில் மழைச்சாரலுக்குத் தணல் நிற்காது. வருடா வருடம் வாசலுக்கு வந்த நத்தார் ஓடர்களை அவர் திருப்பி அனுப்பினார். திருப்பி அனுப்பிய வீடுகளின் பெயர்கள் அவருக்கு மனப்பாடம். காஸில் வேலை செய்கிற போறணை ஒன்றிருந்தால் ஒரு வீட்டையும் திருப்பமாட்டேன் என்பார்.

இது எப்படியோ முகாமையாளர் காதுக்குப் போனது. சொன்னவன் நான்தான். வெளிநாட்டிலிருந்து உதவி தருகிறவர்கள் மழைக்கு முன் வருவதாக இருந்தது. அவர்களுக்குக் காட்ட ஒரு வெற்றிக் கதை வேண்டும். கோழிக் கதைகளில் பாதி செத்துப்போயிருந்தன. பிஸ்கட்டும் பூவும் என்றதும் முகாமையாளருக்குக் கண் திறந்தது. முந்நூறு பிஸ்கட் செய்து கொடுக்கட்டும், விழா மேடையில் வைத்தே போறணையைக் கையளிப்போம் என்றார். நான் போய் அக்காவிடம் சொன்னேன். குசினிக்குள் போய், எந்த மூலையில் வைப்பது என்று சாணால் அளந்தார்.

முதலில் படம்பிடிக்க ஒருவர் வந்தார். அக்கா கோயிலுக்கு உடுத்துகிற சேலையில் நின்றார். பழைய உடுப்பு இல்லையா என்று படக்காரர் கேட்டார். சிரிக்கவேண்டாம் என்றார். அக்கா எல்லாப் படத்துக்கும் முப்பத்திரண்டு பல்லும் தெரியச் சிரித்தார். இடையில் தணலை ஊதப் போய்ப் புகை அடித்துக் கண்ணைத் துடைத்தார். அந்த ஒரு படம் அவர்களுக்குப் போதுமானதாக இருந்தது.

விழாவுக்கு இரண்டு நாள் முன் நான் ஸ்டிக்கர் கட்டோடு போனேன். ஐம்பது பெட்டி, பெட்டிக்கு ஆறு பிஸ்கட், மூடிக்கு ஒரு ஸ்டிக்கர். கண்ணைத் துடைக்கும் படம். அதன் கீழ் ஆங்கிலத்திலும் தமிழிலும்: போரில் கணவனை இழந்த ஒரு தாயின் கண்ணீரில் விளைந்த இனிப்பு.

அவர் அதை இரண்டு தரம் வாசித்தார்.

"கண்ணீர் விழுந்தால் ஐசிங் இளகிப்போடும் தம்பி," என்றார். குரல் ஏறவில்லை. "பட்டர் எண்டு ஒரு சொல் இதில இல்லை. சீனி இல்லை. வனிலா இல்லை. என்ர மனுசன் செத்தது மட்டும் இருக்கு. அதையோ இவை தின்னப்போகினம்?"

அவர் கணவர் எப்படி இறந்தார் என்று அவர் ஒருநாளும் எனக்குச் சொன்னதில்லை. படிவத்தில் ஒரு வரி இருந்தது, அதுதான் எனக்குத் தெரியும். அந்த ஒரு வரியை எடுத்துக்கொண்டு போய்க் கொடுத்தவனும் நான். அப்போதாவது வாயை மூடியிருக்கலாம். நான் சொன்னேன்: "ஒரு நாளைக்குத்தானே அக்கா. போறணை வந்திடும். நத்தாருக்கு உதவும். இப்போதைக்கு இது காணும்தானே."

அவர் "ஏன் காணும்" என்று கேட்கவில்லை. அதுதான் எனக்கு வலித்தது. கட்டைத் திருப்பி என் கையில் வைத்தார், பிஸ்கட் வரும், இது வராது என்று சொன்னார்.

விழா, கிராமத்துப் பொதுநோக்கு மண்டபத்தில். காலையில் ஓட்டோவில் ஐம்பது பெட்டியும் வந்திறங்கின. ஒவ்வொரு மூடியிலும் அவர் கையால் எழுதிய ஒரு துண்டு ஒட்டியிருந்தது. கோதுமை மா, முட்டை, பட்டர், ஐசிங் சீனி, பால், வனிலா, உப்பு, நீலக் கலரிங். செய்தவர் என்று போட்டுத் தன் முழுப்பெயர். பெட்டியைத் திறந்தால் நீலக் கரை போட்ட பிஸ்கட்டுகள், ஒவ்வொன்றிலும் ஒரு வள்ளம், ஒரு வள்ளத்தைப் போல இன்னொன்று இல்லை. முகாமையாளர் துண்டை வாசித்தார். என்னைப் பார்த்து, ஒட்டு என்றார்.

ஒட்டினேன். மண்டபத்துக்குப் பின்னால், கதிரைகள் அடுக்கிய சின்ன அறையில் இருந்து, ஐம்பது பெட்டிக்கும் ஒட்டினேன். அவருடைய எழுத்துக்கு மேலேயே ஒட்டினேன், இடம் அங்கேதான் இருந்தது. எனக்கு இரண்டு பிள்ளைகள், வேலை ஒப்பந்தம் அடுத்த மாதம் புதுப்பிக்க இருந்தது. இதையெல்லாம் அப்போது எனக்கு நானே சொன்னேன். இப்போது யாருக்கும் சொல்லத் துணிவில்லை.

விருந்தாளிகள் வந்து முன் வரிசையில் இருந்தார்கள். ஆளுக்கொரு பெட்டி கொடுக்கப்பட்டது. அவர்களில் ஒரு வயதான வெள்ளைக்காரப் பெண் மூடியை வாசித்தார். வாசித்ததும் கண் கலங்கிவிட்டது. பெட்டியைத் திறக்கவில்லை. அதை மடியில் வைத்துக்கொண்டு, பக்கத்தில் நின்ற அக்காவின் கையைப் பிடித்துத் தடவினார். அக்காவுக்கு ஒன்றும் விளங்கவில்லை. பிறகு குனிந்து பெட்டியைப் பார்த்தார்.

அறிவிப்பாளர் மைக்கில் அவர் கதையைத் தொடங்கியிருந்தார். அக்கா அந்தப் பெண்ணின் பிடியிலிருந்து கையை மெதுவாக எடுத்தார். பெட்டியை வாங்கினார். நகத்தால் ஸ்டிக்கரின் ஒரு மூலையைக் கிளப்பி, பொறுமையாக, கிழியாமல் உரித்தார். கீழே இருந்த எழுத்தும் சில இடத்தில் சேர்ந்து வந்துவிட்டது. பட்டர் என்ற சொல் மிஞ்சியது. உரித்ததைச் சுருட்டி இடுப்பில் செருகிக்கொண்டு, பெட்டியைத் திறந்து அந்தப் பெண்ணிடம் நீட்டினார். பிறகு அடுத்த ஆள். அவரிடமும் வாங்கி உரித்தார். மண்டபம் அப்படியே பார்த்துக்கொண்டிருந்தது. மைக்கில் கதை நின்றுவிட்டது.

நாலாவது பெட்டியில் என் பக்கம் திரும்பினார். "ஆர் ஒட்டினது?"

"நான்தான் அக்கா."

அவர் திட்டவில்லை. திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். "அப்ப மிச்சத்தை நீங்கள் உரியுங்கோ," என்றார்.

முகாமையாளர் என்னைப் பார்த்துத் தலையை அசைத்தார், வேண்டாம் என்று. அவர் அப்படி அசைத்த எத்தனையோ தடவை நான் கேட்டிருக்கிறேன். அன்று கேட்கவில்லை. முன் வரிசையிலிருந்து ஒவ்வொரு பெட்டியாக வாங்கி உரித்தேன். வீரம் என்று எதுவும் இல்லை. நாற்பத்தாறு பெட்டி. நகத்துக்குள் பசை ஒட்டி இரண்டு நாள் போகவில்லை. இவ்வளவு எழுதியும் அவர் பெயரை நான் எழுதாதது இதனால்தான். அவர் தன் பெயரைப் போட்டது பிஸ்கட்டுக்கு, என் கதைக்கல்ல.

அதற்குள் அக்கா ஒரு கதிரையை இழுத்து அந்த வயதான பெண்ணுக்கு முன்னால் போட்டு உட்கார்ந்துவிட்டார். சாப்பிடச் சொல்லுங்கோ என்றார் என்னிடம். ஆங்கிலம் தெரிந்த நான்தான் அன்றைக்கு மொழிபெயர்ப்பாளன். அந்தப் பெண் ஒரு வள்ளத்தைக் கடித்தார். மிக நன்று, மிக நன்று என்று மறுபடி கண் கலங்கப் பார்த்தார்.

"அழவேண்டாமெண்டு சொல்லுங்கோ," என்றார் அக்கா. "இன்னொருக்காக் கடிச்சு, இதில என்ன பிழை எண்டு சொல்லச் சொல்லுங்கோ."

சொன்னேன். அந்தப் பெண் என்னைப் பார்த்தார், பிறகு அக்காவைப் பார்த்தார். கண்ணைத் துடைத்துக்கொண்டு இரண்டாவதைக் கடித்து, இந்தத் தடவை மெதுவாக மென்றார். முகம் மாறியது. சமையல் தெரிந்த ஒருவரின் முகம். பிஸ்கட் நல்ல மொறுமொறுப்பு, ஐசிங் மிக வழுவழுப்பு, ஆனால் என் வாய்க்குச் சீனி அதிகம் என்றார்.

மிகவும் பிடித்திருக்கிறதாம் என்ற வசனம் என் நாக்கு நுனிவரை வந்துவிட்டது. விழுங்கினேன். "சீனி கூடவாம் அக்கா," என்றேன்.

அவர் முகம் அப்படி மலர்ந்து நான் அதற்கு முன் கண்டதில்லை. கதிரையை இன்னும் கிட்ட இழுத்தார். சீனி கூடவோ என்று தொடங்கினார். இந்த வெயிலுக்குச் சீனி குறைத்தால் கூர் நிற்காது, வள்ளத்தின் பாய் சரிந்துவிடும், உங்கள் ஊர் குளிரில் நீங்கள் குறைக்கலாம், இங்கே வந்து அடித்துப் பாருங்கள் என்றார். அந்தப் பெண்ணும் விடவில்லை. தான் நாற்பது வருடமாகப் பேரப்பிள்ளைகளுக்குச் செய்பவள் என்றார், பாலுக்குப் பதில் எலுமிச்சை ஒரு துளி விட்டுப் பார்த்ததுண்டா என்று கேட்டார். எலுமிச்சை விட்டால் திரையும் என்றார் அக்கா. திரையாது என்றார் அவர். இருவருக்கும் நடுவில் நின்று ஒரு சொல் விடாமல் மாற்றி மாற்றிச் சொல்லிக்கொண்டிருந்தேன். மேடையில் என்ன நடந்தது என்று அவர்கள் இருவரும் பார்க்கவில்லை.

மேடையில், அக்காவின் பெயரை விட்டுவிட்டு, பட்டியலில் அடுத்த பெயர் கூப்பிடப்பட்டது. பக்கத்துக் கிராமத்துப் பெண் ஒருவர், ஆடு கேட்டு எழுதியவர். போறணை அவருக்குப் போனது. அவர் அதை என்ன செய்வதென்று தெரியாமல் பக்கத்தில் நின்றார். எல்லாம் முடிந்து சனம் கலையும்போது அக்கா அதனருகே போனார். கதவை இரண்டு தடவை திறந்து மூடிப் பார்த்தார். உள்ளே கையை விட்டு அகலம் பார்த்தார். முதல் நாள் வெறுமையாகச் சூடாக்கிவிட்டுப் பிறகு பாவியுங்கள், இல்லாவிட்டால் மெழுகு வாசம் பிடிக்கும் என்று அந்தப் பெண்ணுக்குச் சொன்னார். ஏதாவது சுட விருப்பமென்றால் வரச் சொன்னார்.

வாசலில் ஓட்டோ நின்றது. நான் போய் நின்றேன். மன்னிப்புக் கேட்கத் தெரியவில்லை. வானத்தில் மழை இருட்டத் தொடங்கியிருந்தது. அந்த நத்தாருக்கும் அவர் மணல் சட்டியோடுதான் மல்லுக்கட்ட வேண்டும்.

"போறணை கைவிட்டுப் போட்டுது அக்கா," என்றேன்.

"ஓம், போட்டுது."

ஓட்டோவுக்குள் ஏறி இருந்தார். ஓட்டோ நகரத் தொடங்கியதும் தலையை வெளியே நீட்டினார்.

"அந்த அம்மா திரும்பி வந்தாவெண்டால் சொல்லுங்கோ தம்பி. நான் சீனி குறைக்கமாட்டன்."